ராஜா ஹரிச்சந்திரால தாராமதியா வர்றது ஆம்பளையா??

கடைசிபெஞ்ச்:
நேத்து நைட்டு தூக்கம் வராம யூடியூப்ல தாதாசாகேப் பால்கே 1913ல எடுத்த மௌனப்படம் ராஜா ஹரிச்சந்திரா பாத்தேன், அதுல தாராமதியும் (ஹரிச்சந்திரன் மனைவி, நம்மூர்ல சந்திரமதி) தோழிங்களும் தொட்டில இறங்கி தண்ணில ஆடுற சீன் வருதுல்ல, ஈரப்புடவை ஒட்டினதும் தோளு, கையெல்லாம் பாத்தா சத்தியமா ஆம்பள மாதிரியே இருக்கு. எனக்கு மட்டும்தான் அப்படி தோணுதா? அதோட படம் பொசுக்குனு முடிஞ்சிருது, முழுசா எங்கயாச்சும் கிடைக்குமா?

ரீல்பெட்டி:
உங்க கண்ணு சரியாதான் இருக்கு பாஸ், அத்தனை பேரும் ஆம்பளைங்கதான். 1913ல சினிமால நடிக்க பொண்ணுங்க யாரும் வரல. பால்கே பாலியல் தொழில்ல இருந்தவங்ககிட்ட கூட போய் கேட்டிருக்காரு, அவங்களே மாட்டேன்னுட்டாங்க. கடைசில பம்பாய் கிராண்ட் ரோட்ல ஒரு ஓட்டல்ல வேலை பாத்துட்டிருந்த அண்ணா சாளுங்கேவ தாராமதி வேஷத்துக்கு புடிச்சாரு, அங்க மாசம் 10 ரூபா, இவரு 15 தர்றேன்னாராம். பொம்பள வேஷத்துக்கு வந்த மத்தவங்க மீசைய எடுக்க மாட்டோம்னு அடம், அப்பா செத்தாதான் எடுப்பாங்களாம் 😂 அதே சாளுங்கே 1917ல லங்கா தகனத்துல ராமரும் அவரே, சீதையும் அவரே!

முழுப்படம் கிடைக்காது. நாலு ரீல்ல முதலும் கடைசியும்தான் புனே ஆவணக்காப்பகத்துல இருக்கு, அதுவும் 1913ல எடுத்தது இல்ல, 1917ல திரும்ப எடுத்ததுன்னு ஒரு கோஷ்டி இன்னும் சண்டை போட்டுட்டிருக்கு.

மோகினி_ரசிகை:
பொண்ணுங்க வரவே இல்லைங்கற மாதிரி விட்டுட்டீங்களே. பால்கேவோட அடுத்த படம் மோகினி பஸ்மாசுரன்லயே துர்காபாய் காமத் பார்வதி, அவங்க பொண்ணு கமலாபாய் மோகினி. ஹே ராம்ல மகாராஜாவா வர்ற விக்ரம் கோகலேக்கு இந்த கமலாபாய்தான் பாட்டி. அப்புறம் வீட்டுல சரஸ்வதிபாய், பால்கே மனைவி, மொத்த யூனிட்டுக்கும் சமைச்சுப் போட்டு, ஃபிலிம் ஓரத்துல ஓட்டையும் போட்டுக் குடுத்திருக்காங்க, அவங்கள யாரும் பேசுறதில்ல, எனக்கு அதான் கடுப்பு.

புரசைவாக்கம்காரன்:
எங்க ஏரியா பெருமையும் ஒண்ணு இருக்குங்க. மோட்டார் பார்ட்ஸ் வித்துட்டிருந்த நடராஜ முதலியார் இங்க மில்லர்ஸ் ரோட்டுலதான் கீசக வதம் எடுத்தாரு, தென்னிந்தியாவோட முதல் மௌனப்படம். அடுத்து திரௌபதி வஸ்திராபகரணம், அதுல திரௌபதி யாரு தெரியுமா, மரியன் ஹில்னு ஒரு ஆங்கிலோ இந்தியப் பொண்ணு. கீசக வதம் ஒரு அடி ஃபிலிம் கூட மிஞ்சல 😞

ரீல்பெட்டி:
@கடைசிபெஞ்ச் அடுத்து காளிய மர்தனம் (1919) பாருங்க, அது பெரும்பாலும் தப்பிச்சிருக்கு. ஆரம்பத்துல பால்கே பொண்ணு மந்தாகினி, ஏழு வயசு, கேமராவ பாத்து சிரிக்கும் மொறைக்கும், அப்படியே பாத்துட்டிருக்கும்போதே கிருஷ்ணரா மாறிரும்.

கடைசிபெஞ்ச்:
அதுல கிருஷ்ணரா நடிச்சது பொண்ணா?? சரி, இன்னைக்கும் தூக்கம் போச்சு.