மார்கழிப் பனியில் பேசில்: உங்களுக்கு நடந்ததைச் சொல்லுங்கள்

தளி ரோடு அக்கா (தேன்கனிக்கோட்டை)

குளிரில் பேசில் (பீட்சா, பாஸ்தாவில் போடுகிற துளசி வகைச் செடி) இலை கருகும் என்பது இங்கே எல்லோருக்கும் தெரியும். அது எனக்கு உறுத்தவில்லை. கார்த்திகை வரை நுனி கிள்ளக் கிள்ளப் பக்கக்கிளை விட்டு நன்றாகத்தான் இருந்தது. மார்கழியில் ஒரு விடியற்காலை கோலம் போட வந்து டார்ச் அடித்துப் பார்க்கிறேன், வாசல் தொட்டிகளில் இலையெல்லாம் வெந்நீர் ஊற்றியதுபோல் துவண்டு தொங்குகிறது. வெயில் ஏறியதும் கன்னங்கரேல். போனில் 10 டிகிரி காட்டியது.

ஆனால் அதே விதை, அதே மண், ஒன்றாக நட்ட தொட்டிகள் நாலு மாட்டுக்கொட்டகைச் சுவரோரம் இருந்தன. அவற்றில் ஒரு இலைகூடக் கருகவில்லை! வாசலுக்கும் அந்தச் சுவருக்கும் பத்தடி இருக்கும். மாடத்துத் துளசிகூட ஓரம் சிவந்து நின்றது. பத்தடியில் அப்படி என்ன குளிர் மாறிவிடும்? யாருக்காவது இப்படி நடந்திருக்கிறதா?

ஓசூர் பால்கனி

எனக்கு மார்கழிகூட வேண்டியிருக்கவில்லை. சித்திரை வெயிலில் ஃப்ரிட்ஜுக்குள்ளேயே நடந்தது. மகள் பிறந்தநாளுக்குப் பாஸ்தா செய்யலாம் என்று முதல் நாளே பறித்து, கழுவி, டப்பாவில் போட்டு வைத்தேன். பிள்ளைகள் எல்லாம் வந்து உட்கார்ந்த பிறகு மூடியைத் திறந்தால் உள்ளே கறுப்புச் சருகு. கொத்தமல்லி, புதினா எல்லாம் பக்கத்திலேயே பச்சையாக இருக்கிறது, இதற்கு மட்டும் அப்படி என்ன கோபம்? 12 டிகிரிக்குக் கீழே போனால் பறித்த இலைக்கும் இந்தக் கதிதான் என்று அப்புறம் தெரிந்தது. இப்போது காம்போடு வெட்டி, டம்ளர் தண்ணீரில் சமையல் மேடையிலேயே வைக்கிறேன். சிலது வேர்கூட விட்டுவிடுகிறது.

பாகலூர் பாலிஹவுஸ்

அக்கா, எல்லோரும் பனியையே திட்டுகிறீர்கள். ஆளைக் கொல்வது ஈரம். நான் வேலை பார்த்த ஒரு பாலிஹவுஸில் (பிளாஸ்டிக் ஷீட் போர்த்திய பசுமைக்குடில்) பெங்களூரு ஹோட்டல்களுக்கு பேசில் போட்டிருந்தோம். குளிருக்குப் பயந்து பக்கத்திரையை இரவெல்லாம் இறக்கியே வைத்தார்கள். காலையில் உள்ளே போனால் கூரையிலிருந்து சொட்டுச் சொட்டாக இலைமேல் தண்ணீர். கொஞ்ச நாளில் இலை நரம்புக்கு நடுவே மஞ்சள் விழுந்தது. சத்துக் குறைவு என்று ஆளாளுக்கு உரம் சொன்னார்கள். நான் ஒரு இலையைத் திருப்பினேன், அடிப்பக்கம் முழுக்க சாம்பலும் ஊதாவும் கலந்த பூஞ்சை. அடிச்சாம்பல் நோய். மொத்தப் பாத்தியையும் பிடுங்கி மூட்டை கட்டினோம். அந்த மூட்டையிலும் வாசனை போகவில்லை, அதுதான் இன்னும் மறக்கவில்லை.

அதனால் சொல்கிறேன். சாயங்காலம் தண்ணீர் ஊற்றவே கூடாது, காலையில் வெயில் வந்த பிறகு, அதுவும் வேரடியில் மட்டும். தொட்டிக்குத் தொட்டி காற்றுப் போக இடைவெளி வேண்டும். மண்ணோடு ஒட்டிய இலைகளை எடுத்துவிடுங்கள். பிளாஸ்டிக் போட்டு மூடுகிறவர்கள் வெயில் ஏறியதும் திறந்துவிடுங்கள், ஷீட் இலையைத் தொடாதபடி குச்சி நடுங்கள். குளிர் நாளில் செடி வளர்வதே குறைவு, அப்போது யூரியா போட்டு என்ன பயன்? செம்மண்ணை மட்டும் போட்டால் தண்ணீர் தேங்கும், தென்னைநார்க் கழிவும் மண்புழு உரமும் கலந்துகொள்ளுங்கள். விதைப்பதானால் ஆவணி, புரட்டாசியில் விதைத்துவிடுங்கள், மண் 20 டிகிரிக்குக் கீழே போனால் முளைப்பு இழுத்துக்கொண்டே போகும். விதையை ஆழமாகப் புதைக்க வேண்டாம், மேலே தூவி லேசாக மண் போர்த்தினால் போதும். மளிகைக் கடைச் சப்ஜா விதையும் முளைக்கும், அது திருநீற்றுப்பச்சிலை. பீட்சாவில் போடுகிற அகல இலை அதில் வராது, சீக்கிரம் பூவும் எடுத்துவிடும்.

தளி ரோடு அக்கா

தம்பி, இவ்வளவும் நல்லதுதான், ஆனால் நான் கேட்டது இது இல்லை. அன்றைக்குச் சாயங்காலம் நான் தண்ணீரே ஊற்றவில்லை. இலையைத் திருப்பியும் பார்த்தேன், பூஞ்சை எதுவும் இல்லை. உங்கள் நோய் ஒரே ராத்திரியில் வந்து எல்லாவற்றையும் கறுக்க வைக்குமா?

பென்னாகரம் அம்மா

மகன் டொரண்டோவில் இருக்கிறான். ஜனவரியில் அங்கே போயிருந்தேன். வெளியே ஒரே பனிக்கட்டி, வீட்டுக்குள் ஹீட்டர். ரசத்துக்குக் கறிவேப்பிலை கிடைக்காத கோபத்தில் சூப்பர் மார்க்கெட்டில் ஒரு பேசில் தொட்டி வாங்கினேன். அதில் ஒரு செடி இல்லை, நெருக்கியடித்து இருபதுக்கு மேல் நாற்று. பிரித்து நட்டு, வெளிச்சத்துக்காக ஜன்னலோரம் வைத்தேன். விடிந்து பார்த்தால் கண்ணாடியைத் தொட்டுக்கொண்டிருந்த இலைகள் மட்டும் கறுப்பு. ஒரே செடியில் இந்தப் பக்கம் பச்சை, அந்தப் பக்கம் கறுப்பு, நடுவே கோடு கிழித்த மாதிரி. வீட்டுக்குள் நான் ஸ்வெட்டர்கூடப் போடவில்லை. உனக்குப் பத்தடி என்கிறாய், எனக்கு ஒரு விரற்கடைதான் அம்மா.

அங்கே மே மாதம் விக்டோரியா தின விடுமுறை வரும்வரை யாரும் இந்தச் செடியை வெளியே வைப்பதில்லை. அதற்கு முன்னால் உறைபனி எப்போது விழும் என்று சொல்ல முடியாதாம்.

தருமபுரி டவுன்

எங்கள் ஊரில் பேசிலுக்கு எதிரி சித்திரை வெயில்தான், 10 டிகிரியை நாங்கள் எங்கே பார்த்தோம். பிளஸ் ஒன்னுக்கு இயற்பியல் எடுக்கிறவன் என்பதால் எழுதுகிறேன். வத்தல்மலையில் ஒரு இரவு தங்கியபோது, நண்பரின் பைக் பாதி சில்வர் ஓக் மரத்தடியிலும் பாதி வெட்டவெளியிலும் நின்றது. காலையில் முன்பக்கம் டேங்க், ஹேண்டில்பார் எல்லாம் நனைந்து சொட்டுகிறது. மரத்தடியில் இருந்த பின்சீட்டில் கையை வைத்தால் காய்ந்து கிடக்கிறது. ஒரே வண்டி!

மேகமில்லாத, காற்றில்லாத இரவில் திறந்த வானத்தைப் பார்த்திருக்கும் எதுவும் தன் சூட்டை மேலே விட்டுக்கொண்டே இருக்கும். அப்போது இலை சுற்றியுள்ள காற்றைவிடவும் குளிர்ந்துவிடும். அக்காவின் போன் காட்டியது காற்றின் கணக்கு, அதுவும் உங்கள் வாசலில் அளந்தது இல்லை. இலை அதற்கும் கீழே போயிருக்கும். தலைக்கு மேல் மரமோ கூரையோ இருந்தால் அது மறைத்துவிடும். சுவர் பகலில் வாங்கிய வெயிலை ராத்திரி முழுக்கக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பிக் கொடுக்கும். உங்கள் சுவர் எந்தப் பக்கம் பார்த்தது? மேலே ஏதாவது நீட்டிக்கொண்டிருக்கிறதா?

பாகலூர் பாலிஹவுஸ்

சார் சொல்வது சரி. ஆனால் சாயங்காலத் தண்ணீரைப் பற்றி நான் சொன்னதை இதுவரை யாரும் மறுக்கவில்லை, கவனிக்கவும்.

தளி ரோடு அக்கா

ஊற்றவில்லை என்று சொன்னேனே தம்பி! சார், சுவர் மேற்குப் பார்த்தது, கருங்கல். மதியத்திலிருந்து பொழுது சாயும்வரை வெயில் அதில்தான் விழும். மேலே ஓடு ரெண்டடி வெளியே நீட்டியிருக்கிறது. வாசலில் மறைப்பு எதுவும் கிடையாது. இன்னொன்று, சுவருக்கு அந்தப் பக்கம் ராத்திரி ரெண்டு மாடு கட்டியிருக்கும். அந்தச் சூட்டையும் உங்கள் கணக்கில் சேர்க்கலாமா?