காக்கை யோனியில் விழுந்த என் பிளான்

வீட்டின் சுற்றளவை வைத்து நல்லது கெட்டது சொல்லும் ஆயாதிக் கணக்குக்காரர்களில் ஒருவரிடம் நானும் மாட்டியிருக்கிறேன். சிவில் முடித்து மூன்றாவது வருடம், மாமா வீட்டுக்கு நான்தான் பிளான் போட்டேன். அகலம் 33 அடி, நீளம் 44 அடி. அஸ்திவாரம் தோண்டும் முன் ஆயாதி பார்க்க வேண்டும் என்று மாமா ஒரு பெரியவரைக் கூட்டி வந்தார். கோயில் வேலை செய்தவர். சமையலறையை அங்கே மாற்று, படியை இங்கே மாற்று என்று ஆரம்பிப்பாரோ என்று பயந்துகொண்டிருந்தேன். அறைகளை அவர் பார்க்கவே இல்லை. "வெளிச் சுற்றளவு என்ன தம்பி?" என்று மட்டும் கேட்டார்.

154 அடி என்றேன். அவர் கணக்கு தச்சு முழத்தில்: ஒரு முழம் 33 இன்ச், அதாவது 2.75 அடி. "56 முழம்" என்று மனதிலேயே வகுத்துவிட்டார். அதை 3-ஆல் பெருக்கி 8-ஆல் வகுத்தால் வரும் மீதிதான் யோனி, அதாவது எட்டு வகைகளில் வீடு எது என்பது. 168-ல் மீதி இல்லை. அப்படியானால் எட்டாவது யோனி, காக்கை; ஆகாதது. ஆயம் என்பது வரவு: 8-ஆல் பெருக்கி 12-ஆல் வகுக்க மீதி 4. விரயம் செலவு: 9-ஆல் பெருக்கி 10-ஆல் வகுக்க அதுவும் 4. "வர்றது போறதுக்கே சரியா இருக்கும்" என்றார். மாமா முகத்தைப் பார்க்க முடியவில்லை.

ஒரு முழம் கூட்டச் சொன்னார். 57-க்கு யோனி 3, சிங்கம். ஆயம் 12 (மீதி இல்லாவிட்டால் 12 என்று எடுக்க வேண்டும்), விரயம் 3. 8-ஆல் பெருக்கி 27-ஆல் வகுத்தால் மீதி 24, வீட்டின் நட்சத்திரம் சதயம். மாமாவின் மூல நட்சத்திரத்திலிருந்து எண்ணினால் ஆறாவது, பொருத்தமாம். நீளத்தில் அரை முழம், பதினாறரை இன்ச் கூட்டினால் போதும். பின்பக்கம் இடம் இருந்ததால் தப்பித்தேன்.

ராத்திரி தூக்கம் வரவில்லை. எக்செலில் போட்டுப் பார்த்தேன். கொடி, சிங்கம், எருது, யானை என்று நல்ல யோனிகள் எல்லாமே 1, 3, 5, 7. இரண்டு பக்கமும் முழு முழமாக இருந்தால் சுற்றளவு எப்போதும் இரட்டைப்படை, யோனியும் இரட்டைப்படை. ஆக, முழு முழத்தில் வீடு கட்டினால் யாருக்குமே நல்ல யோனி கிடைக்காது! மறுநாள் பெரிய குட்டை உடைத்த மாதிரி இதை அவரிடம் சொன்னேன். சிரிக்கவில்லை, கோபப்படவும் இல்லை. முழக்கோலைத் திருப்பி நடுவில் தேய்ந்துபோன ஒரு வெட்டைக் காட்டினார். "அதுக்குத்தான தம்பி இது."

வரவு செலவை நான் இன்றும் நம்பவில்லை. மாமாவும் அந்த வீட்டுக்குப் போன பிறகு பணக்காரர் ஆகிவிடவில்லை. ஆனால் மேஸ்திரி நூல் பிடிக்கும்போது பெரியவர் வந்து நின்றார். "இந்த அளவு பூச்சுக்கு முன்னாடியா, பின்னாடியா?" என்று என்னிடம் கேட்டார். நான் அதை யோசித்திருக்கவே இல்லை. எல்லாச் சுவரிலும் அரை இன்ச் பூச்சு ஏறினால் சுற்றளவு நான்கு இன்ச் கூடிவிடும். என் பதிலுக்குக் காத்திராமல் மேஸ்திரியிடம் சொல்லி நாலு பக்கமும் நூலை அரை இன்ச் உள்ளே தள்ள வைத்தார்.