மோல்மேனில் மொத்தம் எத்தனை பேர், அதில் தமிழர் நாம் எத்தனை பேர்?

ஞாயிறு வகுப்பு டீச்சர் கேட்டது:

வணக்கம். நான் யாங்கோனில் பிறந்து வளர்ந்தவள், கல்யாணமாகி பர்மாவின் மோன் மாநிலத்தில் இருக்கும் இந்த மோல்மேனுக்கு வந்து மூன்று வருடம் ஆகிறது. ஞாயிற்றுக்கிழமைகளில் கோயில் மண்டபத்தில் பிள்ளைகளுக்குத் தமிழ் எழுதப் படிக்கச் சொல்லிக்கொடுக்கிறேன். போன வாரம் "எங்கள் ஊர்" என்று ஒரு பக்கம் எழுதி வரச் சொன்னேன், ஊரில் எத்தனை பேர், என்னென்ன சனங்கள், எல்லாம் வீட்டில் கேட்டு எழுதுங்கள் என்று. ஒரு பையன் 3 லட்சம் என்று எழுதியிருக்கிறான், ஒரு பெண் 12 லட்சம் என்கிறாள், இரண்டு பேருமே அரசாங்கக் கணக்கு என்று அடித்துச் சொல்கிறார்கள். "தமிழர் எத்தனை பேர்" என்ற வரியை மட்டும் ஒருவர் விடாமல் காலியாக விட்டிருந்தார்கள். எனக்கும் தெரியவில்லை, சும்மா ஒரு எண்ணைச் சொல்லவும் மனசு வரவில்லை. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஆத்தங்கரைக்காரன் எழுதியது:

டீச்சர், இரண்டு பிள்ளைகளும் சரியாகத்தான் எழுதியிருக்கிறார்கள். 2014 மார்ச் மாதம் எடுத்த கணக்கெடுப்பில் மோல்மேன் டவுன்ஷிப்புக்கு (மாவட்டத்தின் ஒரு பிரிவு) மட்டும் சுமார் 2,89,000 பேர். அந்தப் பெண் அதே கணக்கெடுப்பின் மாவட்டக் கணக்கை எடுத்திருக்கிறாள், மூடோன், தான்பியூசயாட், யே எல்லாம் சேர்த்து 12 லட்சத்து 32 ஆயிரம். மோன் மாநிலம் முழுவதும் 20 லட்சத்து 54 ஆயிரம்.

ஆனால் ஊர் என்பது எது வரை என்று கேட்டால் கணக்கு இன்னும் குழம்பும். சால்வீன் ஆற்றுப் பாலத்துக்கு அந்தப் பக்கம் மொட்டமா இருக்கிறதே, அது தத்தோன் மாவட்டத்தில் சேர்ந்தது, நம் கணக்கில் வராது. முன்பெல்லாம் யாங்கோன் ரயில் மொட்டமாவோடு நின்றுவிடும், சாமான் மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு ஃபெர்ரியில் ஆற்றைக் கடந்து வர வேண்டும். 2005இல் மூன்றரை கிலோமீட்டர் நீளத்துக்குப் பாலம் போட்ட பிறகு, காலையில் அங்கிருந்து வந்து இங்கே கடை திறந்து சாயங்காலம் திரும்பிப் போகிறவர்கள் எத்தனையோ பேர். எதிரே இருக்கும் பீலு தீவுக்கும் 2017இல் பாலம் வந்துவிட்டது. அந்தப் பாலத்துக்குப் பர்மியச் சுதந்திரத் தலைவர் ஆங் சான் பெயரை வைத்தபோது, எங்கள் மண்ணில் எங்கள் பெயர் இல்லையா என்று மோன் மக்கள் தெருவில் இறங்கினார்கள். பிள்ளைகளுக்கு அதையும் சொல்லுங்கள், இது முதலில் அவர்கள் ஊர்.

இன்னொன்று, 2014இல் மோன் மாநிலத்திலிருந்து வெளிநாடு போயிருந்தவர்கள் மட்டும் நான்கு லட்சத்துக்கு மேல், பெரும்பாலும் தாய்லாந்துக்கு. அவர்களை 20 லட்சத்தில் சேர்க்கவில்லை. எங்கள் தெருவிலேயே கிழவியும் பேரப்பிள்ளையும் மட்டும் இருக்கும் வீடுகள் நாலைந்து உண்டு.

தான்பியூசயாட் பெரியவர் எழுதியது:

மகளே, சனங்களைப் பற்றிக் கேட்டாய், எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். 1826இல் வெள்ளைக்காரனும் பர்மா ராஜாவும் போட்ட யாண்டபோ ஒப்பந்தத்துக்குப் பிறகு இந்தக் கரை வெள்ளைக்காரன் கைக்கு வந்தது, 1852 வரை அவனுக்குத் தலைநகரம் நம் மோல்மேன்தான், ரங்கூன் எல்லாம் அப்புறம். பட்டாளத்தோடு மதராஸ் சிப்பாய்கள் வந்தார்கள், கூடவே கூலிகளும் வியாபாரிகளும். செட்டியார்கள் பர்மாவில் முதல் கடை போட்டதே 1850இல் மோல்மேனில்தான். கடை என்றால் மளிகைக்கடை இல்லை, வட்டிக்கடை. தேக்கு மரம் சால்வீன் ஆற்றில் மிதந்து வந்து இங்கே அறுபட்டுக் கப்பலேறியது, அந்த மில்லுகளில் தமிழர், தெலுங்கர், சிட்டகாங்காரர் எல்லாரும் வேலை பார்த்தார்கள். லோயர் மெயின் ரோட்டிலும் பக்கத்திலும் நடந்தால் சூரத்திலிருந்து வந்தவர்கள் கட்டிய பள்ளிவாசல், பாதிரி ஜட்சன் ஆரம்பித்த பாப்டிஸ்ட் கோயில், சீனக் கோயில், நம் கோயில் எல்லாம் ஒரே நடையில் வந்துவிடும். மேலே மலை நெடுக பகோடாக்கள்.

1964இல் கடைகளையெல்லாம் அரசாங்கம் எடுத்துக்கொண்டபோது பாதிக் குடும்பம் கப்பல் ஏறியது. என் சித்தப்பா போனார், அப்பா இருந்துவிட்டார். வயல் வேலை, ரப்பர்த் தோட்டம் என்று மூடோன் பக்கமும் எங்கள் பக்கமும் இருந்தவர்கள்தான் அதிகம் தங்கினார்கள், கையில் எடுத்துக்கொண்டு போக ஒன்றும் இல்லையே. அதனால் டவுனில் மட்டும் எண்ணினால் தமிழர் குறைவாகத்தான் தெரிவார்கள், கிராமங்களையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

மூடோன் தம்பி எழுதியது:

அக்கா, தமிழர் எத்தனை என்ற வரிக்கு அரசாங்கத்தில் பதில் கிடைக்காது. 2014இல் இனம் கேட்டு எழுதினார்கள், 135 இனம் என்று ஒரு பட்டியல் வைத்து. தமிழர் அந்தப் பட்டியலில் இல்லை. அந்த இனக் கணக்கையும் கடைசி வரை வெளியிடவில்லை. மதக் கணக்கு மட்டும் 2016இல் வந்தது. மோன் மாநிலத்தில் இந்துக்கள் நூற்றுக்கு ஒருவர், ஏறக்குறைய 21,000 பேர். நாடு முழுவதும் பார்த்தால் அரை சதவீதம்தான், ஆகவே நம் மாநிலத்தில் இரு மடங்கு.

ஆனால் 21,000 பேரும் தமிழர் என்று எழுதிவிடாதீர்கள், தெலுங்கர், ஒரியாக்காரர், இன்னும் பலர் அதில் இருக்கிறார்கள். மாநிலத்தில் முஸ்லிம்கள் 5.8 சதவீதம், தமிழ் முஸ்லிம்கள் அதற்குள்; கிறிஸ்தவர்கள் அரை சதவீதம், தமிழ்க் கிறிஸ்தவர்கள் அதற்குள். அப்புறம் புத்தம் என்று எழுதிக்கொண்டவர்கள். எங்கள் வீட்டையே பாருங்கள், அப்பாவின் அடையாள அட்டையில் இந்தியா, இந்து என்று இருக்கிறது. அக்காவுக்கு அட்டை எடுக்கப் போனபோது மேசையில் இருந்தவர், பர்மா, புத்தம் என்று போட்டால் சீக்கிரம் முடியும் என்றார், அப்பா ஒரு நிமிடம் பேசாமல் நின்றுவிட்டுத் தலையை ஆட்டினார். அன்று சாயங்காலமும் அக்காதான் விளக்கு ஏற்றினாள். எந்தக் கணக்கில் அவளைப் போய்த் தேடுவது?

எனக்குத் தெரிந்த ஒரே வழி தலைக்கட்டு வரி நோட்டுதான். திருவிழாவுக்கு ஒவ்வொரு கோயிலிலும் வீடு வீடாக வரி எழுதுவார்கள், அந்த நோட்டை வாங்கி எண்ணினால் வீட்டுக் கணக்காவது கிடைக்கும்.

ஞாயிறு வகுப்பு டீச்சர் எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. தம்பி சொன்ன பிறகு இன்று மதியமே எங்கள் கோயில் தலைவரைக் கேட்டேன், பழைய நோட்டையும் சேர்த்துத் தருவதாகச் சொல்லியிருக்கிறார். எண்ணுகிற வேலையைப் பிள்ளைகளுக்கே கொடுக்கப் போகிறேன், பெயரை வாசித்தால் தமிழும் பழகும். மூடோன் நோட்டைத் தம்பி பார்த்துக்கொள்ளுங்கள், தான்பியூசயாட் பக்கம் ஐயா கேட்டுச் சொன்னால் பெரிய உதவி. ஆனால் கோயில் நோட்டில் நம் முஸ்லிம் வீடுகளும் கிறிஸ்தவ வீடுகளும் இருக்காதே, அவர்களை விட்டுவிட்டு எப்படித் தமிழர் எத்தனை என்று எழுதுவது?

லோயர் மெயின் ரோடு எழுதியது:

அக்கா, நாங்கள் வீட்டில் தமிழ்தான் பேசுகிறோம், உம்மாவின் ஊர் நாகூர்ப் பக்கம். வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்ததும் எங்கள் பெரியவர்களிடம் கேட்டு வீட்டு எண்ணிக்கை தருகிறேன். சர்ச் பக்கத்துக்கு என் கூட்டாளி ஒருவன் இருக்கிறான், அவனையும் கேட்கிறேன். கலந்து கல்யாணம் கட்டிய வீடுகளை எப்படி எழுத வேண்டும் என்று மட்டும் முன்னாலேயே சொல்லிவிடுங்கள், எங்கள் தெருவில் அது நிறைய.

ஞாயிறு வகுப்பு டீச்சர் எழுதியது:

வீட்டில் ஒருவராவது தமிழ் பேசினால் எழுதிக்கொள்ளுங்கள் தம்பி.