மாருதி 800 பாடி வேலை: கழட்டின கதவைத் திரும்ப மாட்டினா மூடலை, லாட்ச் மேலே தூக்கி நிக்குது. உதவி தேவை

காவேரிப்பட்டணம்_800:

எல்லாருக்கும் வணக்கம். வண்டி 1996 மாருதி 800, கார்புரேட்டர், நாலு கியர், வெள்ளை கலர். அப்பா தர்மபுரியில வாங்கினது, டிஎன் 29. அவர் போனதுக்கு அப்புறம் ஆறு வருஷம் எங்க தோட்டத்துல பெங்களூரா மாமரத்தடியிலயே நின்னுடுச்சு. போன தை மாசம் பேட்டரி மாத்தி, கார்புரேட்டர் கழுவி ஸ்டார்ட் பண்ணோம். இன்ஜின் நல்லா இருக்கு. பாடிதான் போச்சு.

முழு பாடி வேலைக்கு ஒரு இடத்துல சொன்ன தொகை எனக்குக் கட்டாது. அதனால கழட்டுற வேலையை நானே செய்யறேன், வெல்டிங்குக்கும் பெயின்டிங்குக்கும் மட்டும் ஆள் வைக்கலாம்னு இறங்கிட்டேன். ஞாயிறு ஞாயிறா அஞ்சு வாரம் ஆச்சு. பம்பர், லைட்டு, பானட், ரெண்டு ஃபெண்டர், சீட்டு, மேட்டு, டோர் பேடு, நாலு கதவு எல்லாம் வெளியே வந்தாச்சு. போல்ட்டெல்லாம் தனித்தனி கவர்ல போட்டு, எங்கிருந்து வந்ததுன்னு எழுதி ஒட்டியிருக்கேன்.

துரு எங்கிருந்து வந்ததுன்னு இப்பதான் தெரிஞ்சுது. வைப்பருக்குக் கீழே இருக்கிற ஜாலியைக் கழட்டினா உள்ளே முழுக்க மாவிலை. மேல இருந்தது சருகு, அதுக்குக் கீழே தூள், அடியில கறுப்பா ஈரமா எருவு மாதிரி. ரெண்டு கை நிறைய அள்ளினேன். தண்ணி போற ஓட்டை அடைச்சு, மழை பெய்யும்போதெல்லாம் டிரைவர் கால் வைக்கிற இடத்துக்கு இறங்கியிருக்கு. மேட்டுக்கு அடியில இருந்த ஃபெல்ட் அதைக் குடிச்சு வச்சுக்கிட்டே இருந்திருக்கு. ஃபுளோர்ல ஒரு சாண் அளவுக்குத் தகடே இல்லை. டிரைவர் பக்கம் ரன்னிங் போர்டை (கதவுக்குக் கீழே நீளமா ஓடுற பெட்டித் தகடு) ஸ்க்ரூடிரைவரால குத்தினா பொத்துன்னு உள்ளே போகுது. பாசஞ்சர் பக்கம் பரவாயில்லை.

இப்ப சிக்கல். வெல்டர் வர்றதுக்கு முன்னாடி ஒரு தடவை சரிபார்க்கலாம்னு டிரைவர் கதவைத் திரும்ப மாட்டினேன். மூடலை. லாட்ச் (கதவுல இருக்கிற பூட்டு) போய் ஸ்ட்ரைக்கருக்கு (வண்டிப் பக்கம் அது மாட்டுற கொக்கி) மேலே இடிக்குது, 7 மி.மீ. இருக்கும். பின்பக்க இடைவெளி மேலே அகலமா, கீழே ஒட்டுற மாதிரி இருக்கு. கழட்டுறதுக்கு முன்னாடி சுகமா மூடின கதவு இது. கீல் எங்க இருந்துச்சுன்னு நான் அடையாளம் போட்டு வைக்கலை. கீல்தான் காரணமா, இல்லை பாடியே கோணிடுச்சா? பயமா இருக்கு.

இன்னொண்ணு, முன் கண்ணாடியை உடைக்காம எடுக்க வழி சொல்லுங்க.

பாரூர்_ஏரிக்கரை:

பழைய 800 எல்லாத்துக்கும் இருக்கிற கதைதான் ப்ரோ. கீல் பின் தேஞ்சிருக்கும். கதவுக்கும் பில்லருக்கும் (கதவு மாட்டியிருக்கிற தூண்) நடுவுல மரக்கட்டை வச்சு ஒரு அழுத்து அழுத்தினா இறங்கி வந்துடும். எங்க மாமா வண்டிக்கு அப்படித்தான் சரி பண்ணோம்.

தர்மபுரி_டிங்கர்:

தம்பி, கட்டையெல்லாம் வைக்காதீங்க. கொஞ்சம் பொறுங்க.

பாரூர் நண்பர் சொன்னது கதவு தொங்கும்போது செய்யற வேலை. கீல் தேஞ்சா கதவோட பின்முனை கீழேதான் இறங்கும், மேலே ஏறாது. உங்களுக்குத் தூக்கி நிக்குது. அப்ப கதவு ஏறலை, கீல் உட்கார்ந்திருக்கிற முன் பில்லர் தலை குனிஞ்சிருக்கு. பில்லர் முன்னாடி சாஞ்சா அதோட பிடிச்சிருக்கிற கதவு பின்பக்கம் ஏறத்தான் செய்யும். இப்ப கட்டை வச்சு அழுத்தினா நல்ல கீலையும் சேர்த்து வளைச்சுடுவீங்க.

ரெண்டு விஷயம் சொல்லுங்க. வண்டி இப்ப எதுமேல நிக்குது? கழட்டின சாமானெல்லாம் எங்க வச்சிருக்கீங்க?

காவேரிப்பட்டணம்_800:

அண்ணா, நாலு சக்கரமும் கழட்டியாச்சு. நாலு ஹாலோ பிளாக், மேலே பலகை. முன்னாடி ரெண்டு பிளாக் முன்கதவுக்கு நடுவுக்கு நேரா, பின்னாடி ரெண்டு பின்கதவுக்கு அடியில, ரெண்டும் ரன்னிங் போர்டு மேலேயே. இன்ஜின், கியர்பாக்ஸ் இறக்கலை. எலி கடிக்கும்னு சீட்டு, பானட், மத்த மூணு கதவு எல்லாத்தையும் டிக்கி பக்கம் உள்ளேயே அடுக்கியிருக்கேன். பெட்ரோல் டேங்கும் அப்படியேதான் இருக்கு, பத்து லிட்டர் இருக்கும்.

ஓசூர்_பாடிஷாப்:

முதல்ல ஒண்ணு. ஹாலோ பிளாக் மேல நிக்கிற வண்டிக்கு அடியில தயவுசெஞ்சு படுக்காதீங்க. அது சுவத்துக்குப் பரவின பாரம் தாங்க வார்த்தது. ஒரே இடத்துல பாரம் விழுந்தா முன்கூட்டி விரிசல் எதுவும் காட்டாது, ஒரேயடியா நொறுங்கும். ஜாக்கி ஸ்டாண்டு நாலு வாங்குங்க, இல்லைன்னா வாடகைக்கு எடுங்க.

நான் ஓசூர்ல பாடி வெல்டிங் லைன்ல வேலை பார்க்கிறேன். டிங்கர் அண்ணன் சொன்னதுக்குக் காரணம் சொல்றேன். லாரி மாதிரி இந்த வண்டிக்குத் தனியா சேஸிஸ் கிடையாது. ஃபுளோர், ரெண்டு ரன்னிங் போர்டு, பில்லர், கூரை எல்லாம் சேர்ந்த தகட்டுப் பெட்டிதான் மொத்தப் பாரத்தையும் தாங்குது. நீங்க நடுவுல நிறுத்தி ரெண்டு முனையையும் தொங்க விட்டுட்டீங்க. முன்முனையில இன்ஜின், பின்முனையில டேங்க்கும் நீங்க அடுக்கின சாமானும். காவடி மாதிரி நடு உயர்ந்து முனை ரெண்டும் தாழுது. நல்ல ரன்னிங் போர்டா இருந்தா இது தாங்கியிருக்கும். டிரைவர் பக்கம் உளுத்துப் போனதால அந்தப் பக்கம் மட்டும் குனிஞ்சிருக்கு.

வெறும் கண்ணை நம்பாம அளந்து பாருங்க. முன் பில்லர்ல கீழ்க் கீல் போல்ட் ஓட்டையிலிருந்து சென்டர் பில்லர் (முன்கதவுக்கும் பின்கதவுக்கும் நடுவுல இருக்கிற தூண்) மேல்மூலை வரைக்கும் குறுக்கா டேப் பிடிங்க. ரெண்டு பக்கமும் ஒரே புள்ளியா இருக்கணும். டிரைவர் பக்கம் அதிகமா வந்தா நாங்க சொல்றது சரி. பெரும்பாலும் இது திரும்பி வரக்கூடிய வளைவுதான், பயப்படாதீங்க. ஆனா இந்த நிலையில வெல்ட் வச்சா அப்படியே உறைஞ்சுடும், அப்புறம் எந்தக் கதவும் பொருந்தாது.

ராயக்கோட்டை_ரோடு:

கண்ணாடிக்கு நான் சொல்றேன். 800-ல முன் கண்ணாடி ரப்பர் பீடிங்லதான் நிக்குது, இப்ப வர்ற வண்டி மாதிரி பசை போட்டு ஒட்டினது இல்லை. 96 பீடிங் இப்ப கட்டையாகி இருக்கும், அதைக் காப்பாத்த நினைக்காதீங்க. வெளிப்பக்க உதட்டை பிளேடால சுத்தி அறுத்துட்டு, உள்ளே உட்கார்ந்து ஒரு மேல்மூலையில ரெண்டு உள்ளங்கையையும் வச்சு மெதுவா வெளியே தள்ளணும். வெளியே ஒருத்தர் பிடிக்க நிக்கணும். நடுவுல தள்ளினா விரிஞ்சுடும்.

திரும்பப் போடும்போது புது பீடிங்கைக் கண்ணாடிக்கு மாட்டி, உள் காடியில ஒரு நைலான் கயிறைச் சுத்தி விட்டு, சோப்புத் தண்ணி தடவி, உள்ளேயிருந்து கயிறை இழுத்துக்கிட்டே வந்தா உதடு தானா உள்ளே விழும். பெயின்ட் நல்லாக் காஞ்ச பிறகுதான் இது. கண்ணாடியை எடுத்ததும் கீழ் விளிம்பைப் பாருங்க, இலை அடைச்ச வண்டின்னா அங்கேயும் துரு இருக்கும்.

காவேரிப்பட்டணம்_800:

நேத்து அளந்தேன். டிரைவர் பக்கம் 5 மி.மீ. அதிகம். நீங்க ரெண்டு பேரும் சொன்னதுதான்.

சாமானை முழுசா இறக்கிட்டேன். நாலு சக்கரத்தையும் மாட்டி ஷெட் சிமென்ட் தரையில நிறுத்தி, கொத்தனார்கிட்ட டியூப் லெவல் வாங்கி நாலு மூலையும் பார்த்தேன். ஒரு பக்கம் தரை தாழ்வா இருந்துச்சு, சக்கரத்துக்கு அடியில தகடு கொடுத்து மட்டம் பண்ணினேன். ஒரு ராத்திரி அப்படியே விட்டுட்டுக் காலையில திரும்ப அளந்தா வித்தியாசம் 1 மி.மீ.தான். கதவு இப்ப லாட்ச்ல விழுது! ஆனா இன்னும் 2 மி.மீ. தூக்கல் இருக்கு, கொஞ்சம் அழுத்தித்தான் மூட வேண்டியிருக்கு.

தர்மபுரி_டிங்கர்:

சந்தோஷம் தம்பி. மிச்சம் இருக்கிற ரெண்டு மி.மீ. கீல்தான். அடையாளம் போடலைன்னு கவலைப்பட்டீங்களே, வண்டியே போட்டு வச்சிருக்கும் பாருங்க. கீலைக் கழட்டிட்டு பில்லரை மண்ணெண்ணெய்த் துணியால துடைங்க. கீல் மூடியிருந்த இடத்துல பெயின்ட் பளிச்சுன்னு இருக்கும், சுத்தி மங்கலா, ஓரத்துல மெலிசா ஒரு அழுக்குக் கோடு. கம்பெனியில அது உட்கார்ந்த இடம் அதுதான். அந்தக் கோட்டுக்குள்ளே கீலை வச்சு முறுக்குங்க. முடிஞ்சதும் ஊசியால கீலைச் சுத்திக் கீறி வச்சுக்கோங்க. பெயின்ட் அடிச்சாலும் கீறல் தெரியும்.

இனிமே வர்ற வேலை வரிசையைச் சொல்றேன், வெல்டர்கிட்டயும் சொல்லிடுங்க.

கதவு சரியா மூடின நிலையில அளவைக் குறிச்சுட்டு, கதவைக் கழட்டி, அந்த வாசல்ல ஒரு இன்ச் சதுர பைப்பால கட்டு போடணும். முன் பில்லர்ல கீல் போல்ட் ஓட்டையிலயே பட்டை வச்சு முறுக்கலாம், சென்டர் பில்லர்ல ஸ்ட்ரைக்கர் ஓட்டையில. ஒரு பைப் நேரா, ஒண்ணு குறுக்கா. ஸ்ட்ரைக்கர் ஸ்க்ரூ ஸ்டார் தலை, சாதா ஸ்க்ரூடிரைவர் போட்டா தலை வழுக்கிடும். சுத்தியலால தட்டித் திருப்புற இம்பாக்ட் டிரைவர் வாங்கிக்கோங்க. முதல்ல கொஞ்சம் இறுக்குற பக்கம் அசைச்சுட்டு அப்புறம் கழட்டுங்க.

கட்டு போட்ட பிறகுதான் ரன்னிங் போர்டுல கிரைண்டர். ஒரே நாள்ல முழு நீளத்தையும் வெட்டக் கூடாது. பாதி வெட்டி, பாதி வச்சு, புள்ளி புள்ளியாப் பிடிச்சுட்டு மறுபாதி. தகட்டுக் கனம் ரன்னிங் போர்டுக்கு 18 கேஜ், ஃபுளோருக்கு 20 கேஜ் போதும். கேஸ் வெல்டிங் வேண்டாம், தகடு நெளிஞ்சு அப்பளம் ஆகிடும். சிஓடூ வெல்டிங் (கார்பன் டை ஆக்ஸைடு வாயு விட்டுச் செய்யற கரன்ட் வெல்டிங்) வச்சிருக்கிற ஆளாப் பாருங்க. ஒரே இடத்துல இழுக்காம இங்க ஒரு புள்ளி, ஒரு அடி தள்ளி ஒரு புள்ளின்னு ஆற விட்டு வைக்கணும்.

பெட்ரோல் டேங்க் இறங்காம பின்பக்கம் நெருப்பே கூடாது. காலி டேங்க்குன்னா பயமில்லைன்னு நினைக்காதீங்க, உள்ளே நிக்கிற ஆவிதான் வெடிக்கும். ஃபுளோருக்கு அடியில போற பெட்ரோல் பைப், பிரேக் பைப் ரெண்டையும் பார்த்து ஒதுக்கணும். பேட்டரி வயரையும் கழட்டிடுங்க.

ஓசூர்_பாடிஷாப்:

அண்ணன் சொன்னதோட ஒண்ணு சேர்க்கிறேன். துரு சுரண்டி வெறும் தகடு தெரிஞ்சதும் போர் தண்ணி ஊத்திக் கழுவாதீங்க. நம்ம பக்கம் தண்ணி எவ்வளவு உப்புன்னு பாத்திரம் காயும்போதே தெரியும். அந்த வெள்ளைப் படிவம் பிரைமருக்கு அடியில நின்னா அங்கேயே திரும்பப் பொரியும். தின்னர் நனைச்ச துணியால துடைச்சு, அன்னிக்கே எப்பாக்ஸி பிரைமர் அடிச்சுடணும். ராத்திரி பனியில விட்டாக்கூடக் காலையில மஞ்சள் பூத்திருக்கும்.

மூடின ரன்னிங் போர்டுக்கு உள்பக்கத்தை மறந்துடாதீங்க. வெளியே எவ்வளவு பளபளன்னு அடிச்சாலும் துரு உள்ளேயிருந்துதான் வரும். வெல்டிங் எல்லாம் முடிஞ்சு ஆறின பிறகு, ஓட்டை வழியா டியூப் விட்டு உள்ளே துருத் தடுப்பு மெழுகு அடிக்கச் சொல்லுங்க. அடிப்பக்கம் தண்ணி வடியற ஓட்டைகளைப் பட்டி வச்சு அடைக்க விடாதீங்க. அதே மாதிரி கதவோட அடி விளிம்புல இருக்கிற ஓட்டைகளும்.

பர்கூர்_பழையவண்டி:

ஆர்.சி. எப்ப முடியுது? பதினஞ்சு வருஷத்துக்கு அப்புறம் அஞ்சு அஞ்சு வருஷமாத்தான் புதுப்பிப்பாங்க, ஆய்வுக்குப் போகும்போது சேஸிஸ் நம்பர் மேல பேப்பர் வச்சுப் பென்சிலால தேய்ச்சுப் படி எடுப்பாங்க. அந்த எழுத்து மேல கிரைண்டரோ பட்டியோ பட்டுடுச்சுன்னா அலைச்சல். மாஸ்கிங் டேப் ஒட்டி வச்சுடுங்க. கலரும் வெள்ளையே அடிங்க, மாத்தினா ஆர்.சி.-யிலயும் மாத்தணும்.

ரன்னிங் போர்டு தகடு மடிச்சதே கிடைக்குது. 800 உற்பத்தி 2014 ஜனவரியில நின்னாலும் பாடி பார்ட்ஸ் இன்னும் சுத்துது. நான் கோயம்புத்தூர் உக்கடத்துல வாங்கினேன், பெங்களூர்லயும் கேட்டுப் பார்க்கலாம். ஓம்னி பார்ட்ஸ் பொருந்தும்னு யாராவது சொன்னா, அது இன்ஜின் சாமானுக்குத்தான், பாடிக்கு இல்லை.

காவேரிப்பட்டணம்_800:

ஆர்.சி. தேதியை எடுத்துப் பார்த்துக்கறேன் அண்ணா. டேப் ஒட்டியாச்சு.

டிங்கர் அண்ணா, நீங்க சொன்ன கோடு இருந்துச்சு. மண்ணெண்ணெயில துடைச்சதும் கீல் அளவுக்குச் சுத்தமான வெள்ளை, சுத்தி நூல் மாதிரி ஒரு பழுப்புக் கோடு. நான் மாட்டியிருந்தது அதுக்குக் கொஞ்சம் மேலே, முன்பக்கம் சாஞ்ச மாதிரி இருந்துச்சு. கோட்டுக்குள்ளே வச்சு முறுக்கினேன். கதவு இப்ப ஒரு விரலால தள்ளினாலே மூடுது, அந்தப் பழைய 'டக்' சத்தத்தோட. அப்பா கதவைச் சாத்தும்போது வீட்டுக்குள்ளே கேக்கிற சத்தம் அது. அம்மா வெளியே வந்து பார்த்தாங்க.

டேங்க்கை இறக்கி தோட்டத்துல தள்ளி வச்சிருக்கேன். ஹாலோ பிளாக்கைத் தூக்கிப் போட்டாச்சு, நாலு ஸ்டாண்டு வாடகைக்கு வந்திருக்கு. கட்டு பைப் போல்ட் போட்டு முறுக்கி, குறுக்களவு ரெண்டு பக்கமும் ஒண்ணா இருக்கான்னு மூணு தடவை பார்த்தேன், அரை மி.மீ. கூட வித்தியாசம் இல்லை.

கண்ணாடி எடுத்தாச்சு, உடையலை. ராயக்கோட்டை நண்பர் சொன்ன மாதிரி கீழ் விளிம்புல ரெண்டு இடத்துல பொரிஞ்சிருக்கு, ஓட்டை விழலை.

சிஓடூ வெல்டர் புதன்கிழமை வர்றார். ரன்னிங் போர்டு முன்பாதியை முதல்ல வெட்டறோம். உள்ளே என்ன இருக்குன்னு பார்த்துட்டு இங்கேயே எழுதறேன்.

தர்மபுரி_டிங்கர்:

புதன்கிழமை வெட்டினதும் முன் பில்லர் அடிப்பாகத்தை உள்ளே கைவிட்டுத் தடவிப் பாருங்க தம்பி. தகடு அங்கே ரெண்டு அடுக்கா இருக்கும். உள் அடுக்கும் பொடிஞ்சிருந்தா வேலையை நிறுத்திட்டு எனக்கு எழுதுங்க, மேலே தகடு போட்டு மூடிடாதீங்க.