ஹெங்காமே யகூபிஃபாராவின் எழுத்து உங்கள் வாழ்க்கையில் எங்கே குறுக்கிட்டது? (அனுபவப் பகிர்வு)

தாழம்பூ:

நானே ஆரம்பிக்கிறேன். ஹெங்காமே ஜெர்மனியில் எழுதும் எழுத்தாளர், பத்திரிகையாளர். அவரை நேரில் பார்த்த கதை இல்லை, அவர் எழுத்தின் கதைதான். 2020 ஜூன் கடைசி. நான் டோர்ட்முண்ட் பக்கம் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை. காலை இடைவேளை. கொரோனாவால் அந்தச் சின்ன அறையில் ஒரு நேரத்தில் இரண்டு பேர்தான் உட்காரலாம். என்னோடு பல வருடம் வேலை செய்த ஜெர்மன் அம்மா ஒருவர் பில்ட் பத்திரிகையை மேசையில் விரித்து, ஹெங்காமேயின் படத்தின் மேல் விரலை வைத்தார். கையுறை போட்டுப் போட்டு வெளிறிப்போன விரல். "எங்கள் போலீசைக் குப்பை என்று எழுதியிருக்கிறது. நீ என்ன சொல்கிறாய்?"

அந்த 'நீ'யில் ஒரு அழுத்தம் இருந்தது. இதே அம்மாதான் என் மகனுக்குக் காய்ச்சல் என்றால் என் இரவுப் பணியை வாங்கிக்கொள்பவர். நான் உடனே சொன்னேன்: "பிழைதான்."

ஹெங்காமே எழுதிய அந்தப் பத்தியை நான் அப்போது படித்திருக்கவில்லை. ஒரு வரிகூட. இரவு வீட்டுக்கு வந்து, அது வெளியான டாட்ஸ் (taz) நாளிதழின் தளத்தில் தேடிப் படித்தேன். சின்னப் பத்தி. போலீஸ் என்ற துறையை ஒழித்துவிட்டு முதலாளித்துவத்தை மட்டும் விட்டுவைத்தால், இத்தனை லட்சம் பேரை எந்த வேலைக்கு அனுப்புவது என்ற கேள்வி. ஒவ்வொரு தொழிலாகப் பார்த்து, இங்கே இவர்கள் கையில் அதிகாரம் வந்துவிடும், அங்கேயும் வந்துவிடும் என்று தள்ளிக்கொண்டே போய், கடைசியில் குப்பைமேட்டில் கொண்டுபோய் விடுகிறது. அவர்களுக்கும் தங்களைப் போன்றவற்றின் நடுவே இருப்பது பிடிக்கும் என்று முடிப்பார். படித்ததும் எனக்கு மூச்சு நின்றது. கோபமா, பயமா, ஒரு கணம் சந்தோஷமா, இன்றைக்கும் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

எது பிழை, எது சரி என்பது வேறு. படிக்காமலே அந்த அம்மாவின் முகத்தைப் பார்த்துப் பதில் சொன்னேனே, அதுதான் இத்தனை வருடமும் உறுத்துகிறது. உங்களுக்கு எப்படி?

வடமராட்சியான்:

தாழம்பூ அக்கா, உங்கள் பதிவைப் படித்துவிட்டு எழுதாமல் இருக்க முடியவில்லை. என் தம்பி அந்த வருடம் இங்கே வட ரைன்-வெஸ்ட்ஃபாலியாவில் போலீஸ் பயிற்சியில் இருந்தான். எங்கள் சொந்தத்தில் சீருடை போட்ட முதல் பிள்ளை. அப்பா 1985ல் அகதியாக வந்து, போலீசைக் கண்டாலே தெருவின் மற்றப் பக்கம் மாறி நடந்தவர். அந்த மனிதரின் மகன்.

ஞாயிற்றுக்கிழமை இரவு அம்மா அவனுடைய நீலச் சட்டையை அயர்ன் பண்ணிக்கொண்டிருந்தார். தொலைக்காட்சியில் இந்தச் செய்தி. 'ஹால்டே' என்று ஒரு சொல் வந்தது. அம்மா அப்படியே கேட்டார், "ஹால்டே எண்டால் என்ன?" தம்பி வாய் திறக்கவில்லை. நான்தான் சொன்னேன், "குப்பைமேடு அம்மா." அம்மா அயர்ன்பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு, சட்டையின் காலரைக் கையால் தடவிக்கொண்டே நின்றார். அதற்குப் பிறகு அன்று யாரும் பேசவில்லை.

இதைத்தான் நான் அவளிடம் கேட்க நினைக்கிறேன். நீயும் வந்தேறிகளின் பிள்ளை. உன் அப்பா அம்மா ஈரானிலிருந்து, என் அப்பா அம்மா யாழ்ப்பாணத்திலிருந்து. ஒரு வார்த்தையை எறியும்போது அது எந்த வீட்டுக்குள் விழும் என்று பார்க்க வேண்டாமா?

இரவு ரயில்:

எனக்கு அந்தப் பத்தியை விட நாவல்தான். 'கனவுகளின் அமைச்சகம்', 2021ல் வந்தது. ஹம்பர்க்கிலிருந்து வீட்டுக்கு வரும் ரயிலில் ஆரம்பித்தேன். நஸ்ரின் பெர்லினில் ஒரு மதுவிடுதியின் வாசலில் நிற்கிற காவல்காரி, பெண்களை விரும்புகிறவள். ஒரு நாள் போலீஸ் வந்து கதவைத் தட்டி, உன் சகோதரி கார் விபத்தில் இறந்துவிட்டாள் என்கிறது. விபத்து இல்லை, அவளே உயிரை மாய்த்துக்கொண்டாள் என்று இவள் நம்புகிறாள். சகோதரியின் மகள் பர்வின் இவள் கைக்கு வந்து சேர்கிறாள்.

ஜெர்மனில் அந்தப் பிள்ளைக்கு 'நிஷ்டே' என்று ஒரே சொல். அண்ணன் மகளும் அதுதான், தங்கை மகளும் அதுதான். நாங்கள் பெறாமகள் என்போம். பெறாத மகள். அந்த ஒரு சொல் போதும், நாவல் முழுக்க அதற்குள் இருக்கிறது. ரயிலில் அதை நினைத்துத்தான் அழுதேன்.

சரி, நடந்தது இதுதான். அம்மா வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தபோது என்ன புத்தகம் என்று கேட்டார். கதையைச் சொல்லத் தொடங்கினேன். ஈரானில் தகப்பனை இழந்து, ஜெர்மனிக்கு வந்த குடும்பம், லூபெக் நகரம், மனதளவில் பிள்ளைகளை விட்டு விலகிப்போன தாய். அம்மா கத்தியை வைத்துவிட்டுக் கேட்டார். நஸ்ரின் பர்வினைக் கூட்டிக்கொண்டு வருகிற இடத்தில், "அவளுக்கு ஒருத்தரும் இல்லையோ? தனியவோ வளர்க்கிறாள்?" என்றார்.

நஸ்ரின் யாரை விரும்புகிறாள் என்று அந்த இடத்தில் சொல்லியிருக்கலாம். நான் யாரை விரும்புகிறேன் என்றும். அம்மாவின் கண்கள் வெங்காயத்தால் கலங்கியிருந்தன. "ஓம் அம்மா, தனியத்தான்" என்றேன்.

மதுரைக்காரன்:

இரவு ரயில், படித்ததும் மனசு கனத்துவிட்டது.

என் கதை சின்னது. வேலைக்காக பெர்லின் வந்த புதிதில் ஜெர்மன் வகுப்பு. ஆசிரியை இந்த விவகாரத்தைப் பற்றிய ஒரு செய்தியைக் கொடுத்து வாசிக்கச் சொன்னார். அன்றைய ஜெர்மன் உள்துறை அமைச்சர் சேஹோஃபர், பத்தியை எழுதியவர் மேல் குற்றப்புகார் கொடுப்பேன் என்று பில்ட் பத்திரிகையிடம் அறிவித்த செய்தி. பக்கத்தில் இருந்த சிரியா நாட்டு நண்பர் கையைத் தூக்கி, திக்கித் திக்கி ஒரு கேள்வி கேட்டார்: "அமைச்சர் சொன்ன அன்றைக்கு இரவு, எழுதியவர் தன் வீட்டில்தான் தூங்கினாரா?" ஆசிரியைக்குக் கேள்வியே புரியவில்லை. எனக்குப் புரிந்தது. வகுப்பில் பாதிப் பேருக்குப் புரிந்தது.

வடமராட்சியான், உங்கள் அம்மாவின் கை எனக்குத் தெரிகிறது. ஆனால் நடந்ததை வரிசையாகப் பாருங்கள். பத்தி வந்தது 2020 ஜூன் 15. அதற்கு மூன்று வாரம் முன்னால் மினியாபொலிஸில் ஜார்ஜ் ஃப்ளாய்டைப் போலீஸ்காரர் கொன்றார். நான்கு மாதம் முன்னால் ஹனாவ் நகரில் வந்தேறிக் குடும்பங்களைச் சேர்ந்த ஒன்பது பேரை ஒரு இனவெறியன் சுட்டுக் கொன்றான். அந்தக் கோடையில் எழுதியதை அந்தக் கோடையில் வைத்துத்தான் வாசிக்க வேண்டும். இன்னொன்று. ஸ்டுட்கார்ட்டில் ஓர் இரவு கலவரம் நடந்ததும், வார்த்தை வன்முறைதான் கை வன்முறையில் முடிகிறது என்கிற மாதிரி அமைச்சர் இந்தப் பத்தியோடு முடிச்சுப் போட்டார். ஒரு பத்தி எழுத்தாளருக்கு அது எவ்வளவு பெரிய பழி! அன்றைய சான்சலர் மெர்க்கெல் அமைச்சரோடு பேசினார், சில நாளில் புகார் கொடுக்கப்போவதில்லை என்று அமைச்சரே பின்வாங்கினார். செப்டம்பரில், பத்திரிகைகள் மீதான புகார்களை விசாரிக்கிற ஜெர்மன் பத்திரிகைக் குழு, இது கருத்துச் சுதந்திரத்துக்குள் அடங்கும் என்றது. பெர்லின் அரசு வழக்கறிஞர்களும் வழக்குத் தொடரவில்லை. ஒரு தொழிலைச் சாடுவதும் ஒரு மனிதனைச் சாடுவதும் சட்டத்தின் முன் ஒன்றல்ல.

இரவு ரயில், உங்களுக்கு ஒன்று சொல்கிறேன். அம்மாவிடம் வாயால் சொல்ல முடியாவிட்டால் கடிதமாக எழுதுங்கள். தமிழில் எழுதுங்கள். பண்டிகை நாளில் கொடுக்காதீர்கள், சொந்தக்காரர்கள் வீட்டில் இருக்கும்போதும் வேண்டாம். முதலில் ஒரு சித்தியிடமோ மாமாவிடமோ சொல்லி ஒரு ஆளைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். எங்கே போய்த் தங்குவது என்பதையும் முன்பே யோசித்து வையுங்கள். தாழம்பூ அக்கா, அடுத்த முறை அந்த அம்மா கேட்டால் "படித்துவிட்டுச் சொல்கிறேன்" என்று மட்டும் சொல்லுங்கள், அது போதும். அப்புறம் யகூபிஃபாராவை வாசிக்க விரும்புகிறவர்கள் பத்தியிலிருந்து தொடங்காதீர்கள். 2019ல் ஃபாத்மா அய்டெமிரோடு சேர்ந்து தொகுத்த 'உங்கள் தாயகம் எங்கள் கெட்ட கனவு' என்ற கட்டுரைத் தொகுப்பிலிருந்து தொடங்குங்கள். பதினான்கு கட்டுரைகள். 2018ல் உள்துறை அமைச்சகத்தின் பெயரோடு 'ஹைமாட்', அதாவது தாயகம், என்ற சொல்லையும் சேர்த்தார்கள். அதற்கு வந்தேறிகளின் பிள்ளைகள் கொடுத்த பதில் அந்தத் தலைப்பு. அந்த அமைச்சர் வேறு யாரும் இல்லை, இதே சேஹோஃபர்தான்.

வடமராட்சியான்:

மதுரைக்காரன் தம்பி, சட்டம் எனக்கும் தெரியும். வழக்குப் போட வேண்டும் என்று நான் எங்கே சொன்னேன்? சேஹோஃபர் செய்தது அதிகாரத்தின் திமிர், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. எழுதியவருக்கு மிரட்டல்கள் வந்ததும் அநியாயம். ஆனால் பத்திரிகைக் குழு அம்மாவுக்குத் தீர்ப்பு எழுதவில்லை. டாட்ஸ் பத்திரிகைக்குள்ளேயே இந்தப் பத்தியை வைத்துப் பெரிய பிளவு வந்ததே, அவர்களும் சட்டம் தெரியாதவர்களா? என் தம்பி அந்தத் துறைக்குப் போனதே உள்ளேயிருந்து ஒன்றை மாற்றலாம் என்று நினைத்துத்தான்.

கல்லூரி மாணவி:

அண்ணா, உங்கள் தம்பி மேல் மரியாதையோடுதான் எழுதுகிறேன். என் அண்ணாவை ஒரு பெரிய ரயில் நிலையத்தில் ஒரே மாதத்தில் நான்கு தடவை நிறுத்தி அடையாள அட்டை கேட்டார்கள். நான்காவது தடவை நானும் பக்கத்தில் நின்றேன். மேடையில் நூறு பேர் இருந்திருப்பார்கள். பையைத் திறந்து காட்டச் சொன்னார்கள். அம்மா கட்டிக்கொடுத்த புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும். மூடியைத் திறந்து மோந்து பார்த்தார் ஒருவர். அண்ணா என் பக்கம் திரும்பவே இல்லை.

அடுத்த வாரம்தான் அந்தப் பத்தி வந்தது. எனக்கு அது குடித்த தண்ணீர் மாதிரி இருந்தது. இதற்கு மேல் சொல்ல ஒன்றும் இல்லை.

சொல் எண்ணி:

வடமராட்சியான் முதல் பதிவில் 'அவளிடம்' என்று எழுதியிருக்கிறார். கோபிக்க வேண்டாம், திருத்தச் சொல்லிக் கேட்கவே எழுதுகிறேன். ஹெங்காமே தன்னை ஆண் என்றோ பெண் என்றோ சொல்லிக்கொள்வதில்லை.

நான் மொழிபெயர்ப்பு வேலை செய்கிறவன். இந்த விவகாரம் நடந்தபோது எங்கள் ஊர்த் தமிழர் மடலுக்கு அரைப் பக்கச் செய்தி எழுதித் தரச் சொன்னார்கள். ஜெர்மன் செய்திகள் ஒவ்வொன்றும் திணறுவதைப் பார்த்தேன். 'ஏர்' (அவன்) போட முடியாது, 'ஸி' (அவள்) போட முடியாது. பெயரையே திரும்பத் திரும்பப் போட்டு வாக்கியத்தை நகர்த்துகிறார்கள். பத்திரிகையாளர் என்ற சொல்லுக்குக்கூட ஆண் வடிவம் வேறு, பெண் வடிவம் வேறு. நடுவில் ஒரு நட்சத்திரக் குறி போட்டுச் சமாளிக்கிறார்கள்.

எனக்கும் சிக்கல் வரும் என்று நினைத்துத்தான் உட்கார்ந்தேன். முதல் வாக்கியம்: "1991ல் கீல் நகரில் பிறந்த அவர்..." எழுதிவிட்டு நிறுத்தினேன். சிக்கலே இல்லை. 'அவர்'. 'எழுத்தாளர்'. 'பத்திரிகையாளர்'. ஒரு எழுத்தைக்கூட வளைக்கத் தேவையில்லை. நாங்கள் மரியாதைக்காகத் தினமும் சொல்கிற சொல்லே அவருக்கு அப்படியே பொருந்துகிறது. அவருடைய பெற்றோரின் பாரசீகத்திலும் 'ஊ' என்று ஒரே சொல்தான், ஆணுக்கும் பெண்ணுக்கும். அன்றைக்குத் தமிழில் எழுதுகிறேன் என்பதற்காக எனக்கு வந்த சந்தோஷம் அதற்கு முன் வந்ததில்லை.

மடலைப் பார்த்த பெரியவர் ஒருவர் அழைத்து, "ஆணோ பெண்ணோ எண்டு போடும் தம்பி, சனத்துக்கு விளங்க வேணும்" என்றார். நான் 'அவர்' என்றே விட்டேன். ஆனால் அச்சில் 'அவள்' என்று வந்தது. எனக்குச் சொல்லாமல் மாற்றிவிட்டார்கள். அந்தப் பிரதி இன்னும் மேசை இழுப்பறையில் கிடக்கிறது. இப்போது இங்கே மறுபடியும் அந்த எழுத்தைப் பார்த்ததும் பொறுக்கவில்லை.

வடமராட்சியான்:

அவர். சரி. தெரியாமல் எழுதினேன், மனதில் வைக்க வேண்டாம்.

கல்லூரி மாணவி தங்கச்சி, அந்தச் சாப்பாட்டுப் பெட்டி கதையை நேற்று இரவு தம்பிக்கு வாசித்துக் காட்டினேன். இப்போது பணியில் இருக்கிறான். நீண்ட நேரம் பேசாமல் இருந்துவிட்டு, அந்த ரயில் நிலையம் எது என்று கேட்டான். எனக்குத் தெரியாது என்றேன். பத்தியைப் பற்றிக் கேட்டேன். வரி ஒன்றும் இப்போது நினைவில் இல்லையாம். அம்மா அயர்ன்பெட்டியை நிமிர்த்தி வைத்த சத்தம்தான் நினைவிருக்கிறது என்றான்.

தாழம்பூ:

எல்லோருக்கும் நன்றி. அந்த ஜெர்மன் அம்மா போன வருடம் ஓய்வு பெற்றுப் போய்விட்டார். அவர் போகும் வரைக்கும் அந்தப் பேச்சை நான் மறுபடி எடுக்கவில்லை. நாவலை நூலகத்தில் பதிந்து வைத்திருக்கிறேன்.

இரவு ரயில்:

மதுரைக்காரன் அண்ணா, அக்கறையோடு எழுதினீர்கள் என்று தெரியும். ஆனால் எப்படிச் சொல்வது என்று நான் யாரிடமும் கேட்கவில்லை. கடிதம் எழுதுகிற தூரத்தில் நானும் அம்மாவும் இல்லை. ஒரே சமையலறை.

அந்த வெங்காய நாளுக்குப் பிறகு ஒவ்வொரு ஞாயிறும் அம்மா கதையின் மிச்சத்தைக் கேட்கிறார். புத்தகத்தை ஜெர்மனில் திறந்து வைத்து, தமிழில் சொல்லிக்கொண்டு போகிறேன். பர்வினை அம்மா இப்போது "உன்ரை பெறாமகள்" என்கிறார், ஏதோ நான்தான் வளர்க்கிற மாதிரி. நஸ்ரின் ஒரு பெண்ணோடு இருக்கிற பக்கங்களை இதுவரை தாண்டித் தாண்டி வந்துவிட்டேன். போன ஞாயிறு அப்படித் தாளைப் புரட்டும்போது அம்மா என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். "ரெண்டு பக்கத்தை ஏன் விட்டனி?" என்றார்.

வாற ஞாயிறு அந்தப் பக்கத்திலிருந்து தொடங்க வேண்டும்.