ஆதார் செயலிழந்துவிட்டது: அக்காள் கணவர் வெளிநாட்டுக் குடிமகன், கோத்தகிரியில் வசிக்கிறார். உதவி தேவை

கோத்தகிரி வாசி:
அனைவருக்கும் வணக்கம். என் அக்காளின் கணவர் வெளிநாட்டுக் குடிமகன். திருமணத்திற்குப் பிறகு எங்களுடன் கோத்தகிரியிலேயே வசிக்கிறார். வங்கியில் வாடிக்கையாளர் விவரங்களைப் புதுப்பிக்கச் சென்றபோது, அவருடைய ஆதார் எண் செயலில் இல்லை என்று காட்டுவதாகச் சொல்லிக் கணக்கை முடக்கிவிட்டார்கள். ஆதார் மையத்தில் கடவுச்சீட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, தங்களால் எதுவும் செய்ய இயலாது என்றும், வேண்டுமானால் புதிதாகப் பதிவு செய்துகொள்ளலாம் என்றும் சொல்லி அனுப்பிவிட்டார்கள். அக்காளின் மருத்துவச் செலவு உட்பட எல்லாம் அந்தக் கணக்கை நம்பியே நடக்கின்றன. என்ன செய்ய வேண்டும் என்பதை விவரம் தெரிந்தவர்கள் உடனே சொல்லுங்கள்.

மஞ்சூர் மலைச்சாரல்:
இது பெரும்பாலும் கைரேகைச் சிக்கலாகவே இருக்கும். உறைபனிக் காலத்தில் நம் மலையில் விரல் நுனிகள் வறண்டு வெடித்துவிடுவதால், கருவி ரேகையைப் படிப்பதில்லை. கொழுந்து பறிக்கும் பெண்களுக்கு ஆண்டு முழுவதுமே இந்தத் தொல்லை உண்டு. என் தாயாருக்கு இதனால் நியாயவிலைக் கடையில் பொருள் கிடைக்காமல் போன மாதங்கள் உண்டு. கண் கருவிழிப் பதிவையோ முகப்பதிவையோ கொண்டு சரிபார்க்கச் சொல்லிக் கேளுங்கள்.

லவ்டேல் வாசகி:
கைரேகை பொருந்தாமல் போவதும் எண் செயலிழப்பதும் ஒன்றல்ல. வங்கி சொன்னது இரண்டாவது என்றால், விரலுக்கு எண்ணெய் தடவிப் பயனில்லை. சகோதரரே, உங்கள் பதிவில் மிக முக்கியமான செய்திகளே இல்லை. அவர் எந்த நாட்டுக் குடிமகன்? விசாவில் இருக்கிறாரா, அல்லது இந்திய வழியினருக்கும் இந்தியரை மணந்த வெளிநாட்டவருக்கும் தரப்படும் ஓசிஐ அட்டை வைத்திருக்கிறாரா? ஆதார் கடிதத்தில் எந்தத் தேதி வரை செல்லும் என்று அச்சிட்டிருக்கிறது? இவை தெரியாமல் யார் சொல்லும் வழியும் உங்களுக்குப் பொருந்தாது. என் கணவரும் வெளிநாட்டவர் என்பதால் இதை அனுபவத்தில் சொல்கிறேன்.

வெலிங்டன் மூத்தவர்:
தம்பி, இதே ஐயத்தை இங்கே பலர் எழுப்பியிருக்கிறார்கள், நானும் விரிவாக விடை எழுதியிருக்கிறேன். தேடிப் படித்திருந்தால் மையத்திற்கு அலைந்திருக்க வேண்டியதில்லை. இருந்தாலும் அடிப்படையை மீண்டும் சொல்கிறேன், இந்த முறையாவது கவனமாகப் படியுங்கள். ஆதார் குடிமக்களுக்கான அட்டை அன்று, அது வசிப்பவர்களுக்கான எண். 2016ஆம் ஆண்டு ஆதார் சட்டத்தின்படி, விண்ணப்பிக்கும் நாளுக்கு முந்தைய பன்னிரண்டு மாதங்களில் மொத்தம் 182 நாட்கள் அல்லது அதற்கு மேல் இந்தியாவில் தங்கியவர் எவரும் அதைப் பெறலாம். இந்தியருக்கு அதில் காலவரையறை கிடையாது, வெளிநாட்டவருக்கு உண்டு. ஓசிஐ அட்டைதாரர்களுக்கும் நேபாள, பூடான் நாட்டினருக்கும் பதிவு செய்த நாளிலிருந்து பத்து ஆண்டுகள். மற்றவர்களுக்கு விசாவோ கடவுச்சீட்டோ செல்லும் தேதி வரை மட்டுமே. அந்தத் தேதி தாண்டினால் எண் செயலிழக்கும். உங்கள் வீட்டில் நடந்திருப்பது இதுதான். விசா முடிந்திருந்தால் முதலில் அவர் இந்நாட்டில் தங்கியிருப்பதே முறையாகுமா என்று பாருங்கள். வங்கிக் கணக்கு அதற்குப் பிறகுதான்.

கோத்தகிரி வாசி:
மன்னிக்கவும், அவசரத்தில் எழுதினேன். அவர் மலேசியக் குடிமகன், தமிழர். அக்காளின் கணவர் என்ற முறையில் நுழைவு விசாவில் இருக்கிறார். விசா முடியவில்லை, சென்ற ஆண்டே இணையவழியில் நீட்டித்துவிட்டோம். ஆனால் ஆதாரில் பழைய விசாவின் தேதிதான் இருக்கிறது.

லவ்டேல் வாசகி:
அப்படியென்றால் உங்கள் சிக்கலின் முடிச்சு அந்தக் கடவுச்சீட்டில்தான் இருக்கிறது. முன்பெல்லாம் விசா நீட்டிப்பைக் கடவுச்சீட்டிலேயே பதிந்து தருவார்கள். 2018இல் எஃப்ஆர்ஆர்ஓ எனப்படும் வெளிநாட்டினர் மண்டலப் பதிவு அலுவலகத்தின் பணிகள் இணையத்திற்கு மாறிய பிறகு, நீட்டிப்பும் வசிப்பிட அனுமதியும் மின்னஞ்சலில் கோப்பாகவே வருகின்றன. மையத்தில் இருப்பவர் கடவுச்சீட்டைப் புரட்டினால் அவர் கண்ணில் படுவது முடிந்துபோன பழைய விசா மட்டுமே. அவரைக் குறை சொல்ல முடியாது. வெளிநாட்டவர் விண்ணப்பம் என்பது அவர் மேசைக்கு ஆண்டில் எத்தனை முறை வரும்? மின்னஞ்சலில் வந்த வசிப்பிட அனுமதியை அச்சிட்டு, கடவுச்சீட்டுக்கு மேலே வைத்துக் கொடுங்கள். முதலில் அந்தத் தாள் அவர் கண்ணில் பட வேண்டும்.

விண்ணப்பப் படிவமும் வேறு. இந்தியர்களுக்கான முதல் படிவத்தை நிரப்பிக் கொடுத்தால் எங்கோ ஓரிடத்தில் நின்றுவிடும். பதினெட்டு வயது நிரம்பிய, இங்கு வசிக்கும் வெளிநாட்டவருக்கு ஏழாம் படிவம். பதினெட்டு நிரம்பாதவர்களுக்கு எட்டாம் படிவம். ஏழாம் படிவத்தில் மின்னஞ்சல் முகவரி கட்டாயம். புதிதாகப் பதிவு செய்துகொள்ளுங்கள் என்று யார் சொன்னாலும் செய்யாதீர்கள். அவருடைய கைரேகையும் கருவிழியும் ஏற்கெனவே பதிவில் இருப்பதால், புதிய விண்ணப்பம் இரட்டைப் பதிவு என்று தள்ளுபடியாகும். எண் அதேதான், செல்லுபடியாகும் தேதியை மட்டும் புதிய ஆவணத்தைக் கொண்டு புதுப்பிக்க வேண்டும்.

அரவேணு ஆசிரியர்:
பெயரையும் ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள். மலேசியத் தமிழர்களின் கடவுச்சீட்டில் தன் பெயருக்கும் தந்தை பெயருக்கும் நடுவில் இன்னாரின் மகன் என்பதைக் குறிக்கும் ஏ, எல் என்ற இரண்டு எழுத்துகள் சாய்கோட்டுடன் இருக்கும். பெண்களுக்கு, மகள் என்பதைக் குறிக்கும் ஏ, பி. இங்குள்ள ஆவணம் ஒன்றில் அது இருந்து, இன்னொன்றில் விடுபட்டு, மற்றொன்றில் தந்தை பெயரே முதலெழுத்தாகச் சுருங்கியிருந்தால், வசிப்பிட அனுமதியும் ஆதாரும் ஒரே ஆளுடையவை என்பதை மையத்தில் நிறுவுவதே பெரும்பாடாகிவிடும். எங்கள் உறவினர் ஒருவருக்கு இப்படித்தான் நின்றுபோனது.

ஒன்று கேட்க மறந்துவிட்டேன். அவர் இடையில் மலேசியா சென்று தங்கினாரா? ஏப்ரல் முதல் மார்ச் வரை 182 நாட்கள் இங்கே இருந்திருக்க வேண்டும்.

வெலிங்டன் மூத்தவர்:
ஆசிரியரே, நீங்கள் சொல்வது வருமான வரிக்கான கணக்கு. அதில்தான் நிதியாண்டு வரும். ஆதார் சட்டம் விண்ணப்ப நாளிலிருந்து பின்னோக்கிப் பன்னிரண்டு மாதங்களை எண்ணச் சொல்கிறது. இரண்டிலும் 182 என்ற எண் இருப்பதால் ஊரெங்கும் இந்தக் குழப்பம் நிலவுகிறது. நாட்கள் தொடர்ச்சியாக இருக்க வேண்டும் என்பதும் இல்லை. எல்லாவற்றையும் கூட்டினால் போதும்.

கூடலூர்ச் சீமை:
வெளிநாட்டவர் ஆதார் என்ற பேச்சு எழுந்ததால், இதே மலையில் இருக்கும் எங்கள் நிலையையும் இங்கே சொல்ல விரும்புகிறேன். என் பெற்றோர் 1964ஆம் ஆண்டு சிறிமாவோ சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கையிலிருந்து இந்தியக் குடிமக்களாக வந்து, அரசுத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்தவர்கள். அந்த ஒப்பந்தத்தில் 5,25,000 பேருக்கு இந்தியக் குடியுரிமை என்று முடிவாயிற்று. அப்படி வந்தவர்களுக்கு வேலை கொடுக்கத்தான் 1968இல் நீலகிரியில் அரசு தேயிலை பயிரிடத் தொடங்கியது. என் தாயாரின் முகவரியைத் திருத்தச் சென்றபோது, பிறந்த இடம் இலங்கை என்பதைக் கண்டு, விசா எங்கே என்று ஒரு மையத்தில் கேட்டார்கள். இந்தியக் கடவுச்சீட்டுடன் வந்திறங்கிய பெண்ணிடம் கேட்கக்கூடிய கேள்வியா இது? இந்தச் சூழ்நிலையில் ஏழாம் படிவம் என்று பொதுவாக எழுதினால், நாளை எங்கள் முதியவர்கள் கையிலும் அதைத் திணிப்பார்கள்.

மஞ்சூர் மலைச்சாரல்:
வருத்தமாக இருக்கிறது. ஆனால் உங்கள் தாயாரிடம் ஆதார் இருக்கிறதே, அதுவே குடியுரிமைக்குச் சான்றுதானே? அதைக் காட்டினால் யார் கேள்வி கேட்க முடியும்?

வெலிங்டன் மூத்தவர்:
இல்லை. ஆதார் சட்டத்தின் ஒன்பதாம் பிரிவு, ஆதார் எண் குடியுரிமைக்கோ நிலையான வசிப்பிட உரிமைக்கோ சான்றாகாது என்று வெளிப்படையாகவே சொல்கிறது. மலேசியர் ஒருவரும் அதை வைத்திருக்க முடிகிறது என்பதே அதற்குப் போதிய விளக்கம். இதைக்கூட அறியாமல் பிறருக்கு ஆலோசனை சொல்ல வரக் கூடாது.

கூடலூர்ச் சீமை:
சட்டம் சரியாக இருக்கலாம், ஐயா. சொல்லும் முறை சரியில்லை. அவர் என் தாயாருக்காகப் பேசினார். இதே நிலையில் இருப்பவர்களுக்கு ஒன்றைச் சொல்கிறேன். இலங்கையிலிருந்து வந்திறங்கியவர்களுக்கு மண்டபம் முகாமில் கொடுத்த குடும்ப அட்டையையும் பழைய இந்தியக் கடவுச்சீட்டையும் பரணில் போடாமல் பத்திரமாக வைத்திருங்கள். பிறந்த இடம் எதுவானாலும் நீங்கள் இந்தியக் குடிமக்கள், உங்களுக்குரியது முதல் படிவமே. ஏழாம் படிவத்தில் கையெழுத்திட்டால் நீங்களே உங்களை வெளிநாட்டவர் என்று எழுதிக் கொடுத்ததாகிவிடும். ஒப்பந்தத்திற்கு வெளியே, 1983க்குப் பிறகு அகதிகளாக வந்து முகாம்களில் பதிவானவர்களின் நிலை வேறு. இரண்டையும் ஒன்றாகக் கலந்து பேச வேண்டாம் என்பதே என் வேண்டுகோள்.

லவ்டேல் வாசகி:
கூடலூர் நண்பர் சொன்னது மிகவும் தேவையான எச்சரிக்கை. நான் எழுதியது வெளிநாட்டுக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களுக்கு மட்டுமே.

கோத்தகிரி வாசிக்கு இன்னும் இரண்டு செய்திகள். ஆதார் சரியாகும் வரை வங்கிக் கணக்கு முடங்கிக் கிடக்க வேண்டியதில்லை. ரிசர்வ் வங்கியின் வாடிக்கையாளர் அறிதல் விதிகளில் கடவுச்சீட்டும் ஏற்கத்தக்க ஆவணமே. முகவரி இல்லாத கடவுச்சீட்டுடன் வரும் வெளிநாட்டவரிடம், அவர் நாட்டு அரசுத் துறை ஆவணத்தையோ, இந்தியாவிலுள்ள அவர் நாட்டுத் தூதரகத்தின் கடிதத்தையோ முகவரிச் சான்றாக ஏற்க அவ்விதிகள் இடமளிக்கின்றன. மலேசியாவுக்குச் சென்னையில் துணைத் தூதரகம் இருக்கிறது. கிளை மேலாளரிடம் எழுத்து மூலம் கேளுங்கள். வாய்மொழியாகக் கேட்டால் வாய்மொழியாகவே மறுத்துவிடுவார்கள். வருமான வரி எண்ணுடன் ஆதாரை இணைக்காததால்தான் கணக்கு முடங்கியது என்று யாராவது சொன்னால், இந்தியக் குடிமகன் அல்லாதவருக்கு 2017ஆம் ஆண்டு அறிவிக்கையிலேயே அந்தக் கட்டாயத்திலிருந்து விலக்கு அளிக்கப்பட்டிருப்பதை எடுத்துக்காட்டுங்கள்.

இரண்டாவது, ஓசிஐ. பதிவு செய்யப்பட்ட திருமணம் இரண்டு ஆண்டுகள் தொடர்ந்து நிலைத்திருந்தால், இந்தியக் குடிமகளின் கணவர் என்ற முறையில் அவர் அதற்கு விண்ணப்பிக்கலாம். பூட்டனார் வரை இந்திய வழி என்று நிறுவியும் விண்ணப்பிக்கலாம். ஆனால் ரப்பர்த் தோட்டத்திற்குக் கப்பலேறியவரின் பிறப்புச் சான்றை இன்று எந்த ஊரில் தேடுவீர்கள்? திருமணச் சான்று கையில் இருந்தால் திருமண வழியே எளிது. ஓசிஐ கிடைத்துவிட்டால் எஃப்ஆர்ஆர்ஓ பதிவும் இல்லை, விசா முடியும்போதெல்லாம் ஆதாரும் செயலிழக்கும் இந்த அவதியும் இல்லை. திருமணம் பதிவாகியிருக்கிறதா?

மஞ்சூர் மலைச்சாரல்:
எப்படியும் செல்லத்தான் போகிறீர்கள் என்பதால், கைரேகையையும் அன்றே புதுப்பித்துவிடுங்கள் என்றுதான் இப்போதும் சொல்வேன்.

வெலிங்டன் மூத்தவர்:
தேவையில்லாததைச் சேர்த்தால் கட்டணம்தான் கூடும். 2025 அக்டோபர் முதல் ஆவணம் அல்லது முகவரி திருத்தத்திற்கு 75 ரூபாய், கைரேகை முதலிய உடலடையாளப் புதுப்பிப்புக்கு 125 ரூபாய். அதற்கு மேல் யார் கேட்டாலும் 1947 என்ற எண்ணில் முறையிடலாம். வசிப்பிட அனுமதியில் முகவரி பிழையாக இருந்தால் அதை மையத்தில் திருத்த முடியாது. நம் மாவட்டத்தில் வெளிநாட்டினர் பதிவு அலுவலர் உதகையிலுள்ள காவல் கண்காணிப்பாளரே. வீடு மாறியிருந்தால் அங்கே தெரிவித்துவிட்டுத்தான் ஆதாரைத் தொட வேண்டும். கோத்தகிரித் தம்பி, வீடு மாறினீர்களா? திருமணப் பதிவு பற்றி லவ்டேல் சகோதரி கேட்டதற்கும் விடை வரவில்லை.

அரவேணு ஆசிரியர்:
மழையில் மலைப்பாதை அடைபட்டிருக்கிறது என்கிறார்கள். மேட்டுப்பாளையம் இறங்குவதாக இருந்தால், வெளிநாட்டவர் விண்ணப்பத்தை அங்கே ஏற்கிறார்களா என்று தொலைபேசியில் கேட்டுக்கொண்டு புறப்படுங்கள். எல்லா மையங்களிலும் இதைச் செய்வதில்லை.

கோத்தகிரி வாசி:
அனைவருக்கும் நன்றி. சமவெளியில் உள்ள ஒரு மையத்தில் ஏழாம் படிவத்தையும் வசிப்பிட அனுமதியின் அச்சுப்படியையும் பெற்றுக்கொண்டார்கள். ஒப்புகைச் சீட்டு கொடுத்திருக்கிறார்கள். பெயரில் அந்த இரண்டு எழுத்துகள் பற்றிக் கேட்டார்கள். திருமணச் சான்றைக் காட்டிய பிறகு ஏற்றுக்கொண்டார்கள். வங்கிக்கு நாளை கடிதம் கொடுக்கிறோம்.

லவ்டேல் வாசகி:
மகிழ்ச்சி. ஒப்புகைச் சீட்டிலுள்ள பதிவெண்ணைத் தேதி, நேரத்தோடு படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். நிலையைப் பார்க்க அதுதான் தேவை. புதிய தேதி வசிப்பிட அனுமதி முடியும் நாளாகவே இருக்கும். எனவே அடுத்த நீட்டிப்பு வந்ததும் வங்கி அழைப்பதற்குள் ஆதாரைப் புதுப்பித்துவிடுங்கள். திருமணச் சான்று இருக்கிறது என்று இப்போது தெரிகிறது. இரண்டு ஆண்டுகள் நிறைந்துவிட்டனவா?