ராபர்ட் எவன்ஸ் கண்ணால் பார்த்தே 42 சூப்பர்நோவா பிடித்தது எப்படி?

ஐபீஸ்_மதுரை:
ஆஸ்திரேலியப் பாதிரியார் ராபர்ட் எவன்ஸ் கேமராவே இல்லாமல் 42 சூப்பர்நோவா (வெடித்துப் பிரகாசிக்கும் நட்சத்திரம்) கண்டுபிடித்தார். 1981-இல் என்ஜிசி 1532 என்ற கேலக்ஸியில் முதலாவதைப் பிடித்தபோது கையில் இருந்தது 10 இஞ்ச் டெலஸ்கோப். என்னிடமும் அதே அளவு டாப்சோனியன் (கையால் திருப்பும் எளிய தாங்கி கொண்ட டெலஸ்கோப்) இருக்கிறது. எங்கே தொடங்குவது?

வான்பித்தன்:
மனப்பாடத்தில் தொடங்குங்கள். எவன்ஸுக்கு நூற்றுக்கணக்கான கேலக்ஸிகளைச் சுற்றியுள்ள நட்சத்திரங்கள் அத்துப்படி. வரைபடம் புரட்டாமல் குழாயைக் கையால் திருப்புவார், புதுப் புள்ளி இருந்தால் உடனே கண்ணில் படும். ஒரு பெரிய கேலக்ஸியில் நூறாண்டுக்கு ஒன்றிரண்டுதான் வெடிக்கும். நூறு கேலக்ஸியை விடாமல் பார்த்தால் ஆண்டுக்கு ஒன்று வாய்க்கலாம். அதனால் வேகம் முக்கியம்.

முதலில் இருபது கேலக்ஸி போதும். 100 முதல் 150 மடங்கு உருப்பெருக்கத்தில், 14 பொலிவெண் (பொலிவைக் குறிக்கும் எண், எண் கூடினால் மங்கல்) வரையுள்ள நட்சத்திரங்களை நீங்களே வரையுங்கள். நல்ல இருட்டில் 10 இஞ்ச் 14.5 வரை காட்டும். கன்னிக் கொத்து என்ற கேலக்ஸிக் கூட்டம் 5.4 கோடி ஒளியாண்டில் இருக்கிறது. அங்கே ஒன்று-ஏ வகை (வெள்ளைக் குள்ளன் நட்சத்திரம் வெடிப்பது) உச்சத்தில் 12-ஐத் தொடும், கருச்சரிவு வகை (பெரிய நட்சத்திரத்தின் மையம் சரிந்து வெடிப்பது) 14-ஐ ஒட்டி நிற்கும். பின்னதைப் பிடிக்க நிலா இல்லாத இரவு வேண்டும்.

குறுங்கோள்_வேட்டை:
ஏமாறும் இடங்களைச் சொல்கிறேன். கன்னி ராசி சூரியப் பாதையை ஒட்டியது, குறுங்கோள்கள் அடிக்கடி குறுக்கே வரும். அவை மணிக்கு சுமார் அரை ஆர்க்மினிட் (ஒரு டிகிரியில் அறுபதில் ஒரு பங்கு ஒரு ஆர்க்மினிட்) நகரும். ஒரு மணி நேரம் கழித்துத் திரும்பப் பாருங்கள், நகர்ந்திருந்தால் விட்டுவிடுங்கள். எம் 101 மாதிரி கேலக்ஸிகளில் ஹைட்ரஜன் முகில் முடிச்சுகள் புள்ளிபோலவே தெரியும். பழைய புகைப்படத்தை ஒப்பிட்டால் போதும் என்று நினைக்காதீர்கள். அதில் கேலக்ஸியின் மையம் வெளுத்துப்போய், அங்கிருக்கும் நட்சத்திரங்களை மறைத்திருக்கும்.

ஐபீஸ்_மதுரை:
வானத்தைத் தானாகவே படமெடுத்துத் தேடும் தானியங்கி ஆய்வுகள் வந்தபின் இதற்கு இடமிருக்கிறதா?

வான்பித்தன்:
கண்ணால் முந்துவது மிக அரிது. ஆனால் கேமராவோடு அமெச்சூர்கள் இன்றும் சாதிக்கிறார்கள். எம் 101-இல் வெடித்ததை, 2023 மே 19 அன்று 14.9 பொலிவெண்ணில் ஜப்பானின் கோய்ச்சி இட்டாகாகி கண்டார். சீக்கிரம் சொல்வதில்தான் பயன். எவன்ஸ் 1983-இல் எம் 83 கேலக்ஸியில் கண்டது உச்சத்துக்கு முன்பே கிடைத்ததால்தான் ஒன்று-பி வகையைப் (வெளி ஹைட்ரஜனை இழந்த பெரிய நட்சத்திரம் வெடிப்பது) புரிந்துகொள்ள உதவியது.

சந்தேகம் வந்தால் முதலில் புது வெடிப்புகளைப் பதிவு செய்யும் டிரான்சியன்ட் நேம் சர்வர் என்ற இணையதளத்தில் ஏற்கெனவே பதிவாகியிருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால் வேறொருவரைப் பார்க்கச் சொல்லி, மையத்திலிருந்து கிழக்கு மேற்காகவும் வடக்கு தெற்காகவும் எத்தனை ஆர்க்செகண்ட் (ஆர்க்மினிட்டில் அறுபதில் ஒரு பங்கு), பக்கத்து நட்சத்திரத்தோடு ஒப்பிட்ட பொலிவெண், உலக நேரம் மூன்றையும் குறித்து அந்தத் தளத்துக்கே அனுப்புங்கள்.